எஸ்.எஸ்., டைட்டானியம், இன்கோனலில் ட்ரில் இறங்கவில்லையா? அறிகுறியைப் பார்த்துக் கோளாறைக் கண்டுபிடிக்கும் வழி

304 எஸ்.எஸ். (ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் வகை ஒன்று) தகட்டில் துளை போடும்போது பிட் (ட்ரில்லில் மாட்டும் வெட்டு முனை) கத்த ஆரம்பித்தால் கை தானாகவே அழுத்தத்தைக் குறைக்கிறது. அப்படியும் இறங்கவில்லை என்றால் ஸ்பீடைக் கூட்டுகிறோம். பிட்டையும் ஜாப்பையும் (துளை போடும் பொருளையும்) சேர்த்துக் கெடுப்பது இந்த இரண்டும்தான். இந்த உலோகங்களில் வேலை நேர் எதிர்: மெதுவாகச் சுற்ற வேண்டும், உறுதியாக அழுத்த வேண்டும், ஒரு சுற்றுகூட பிட் வெறுமனே தேய்க்க விடக்கூடாது.

ஏன் என்று தெரிந்துகொண்டால் கீழே வரும் எல்லா அறிகுறிகளும் எளிதில் புரியும். முதல் காரணம் சூடு. வெப்பத்தைக் கடத்தும் திறனை வாட்/மீட்டர்-கெல்வின் கணக்கில் சொன்னால் மைல்ட் ஸ்டீலுக்குச் சுமார் 50, அலுமினியம் 6061க்கு 160க்கு மேல். 304க்கு 16தான். நிக்கல் கலவையான இன்கோனல் 718க்கு 11, கிரேடு 5 டைட்டானியத்துக்கு 7கூட வராது. மைல்ட் ஸ்டீலில் வெட்டும் சூட்டில் பெரும்பங்கு சிப்ஸோடு (உலோகச் சீவல்களோடு) வெளியே போய்விடும், மிச்சம் ஜாப்புக்குள் பரவிவிடும். இங்கே சூடு ஜாப்புக்குள் போக வழி தேடி, கிடைக்காமல், பிட்டின் வெட்டு விளிம்பிலேயே தங்குகிறது.

இரண்டாவது காரணம், உலோகம் இறுகுவது. பட்டறைப் பேச்சில் வொர்க் ஹார்டனிங். 304 தகடு மில்லிலிருந்து வரும்போது கடினமானதே இல்லை, அதற்கான அமெரிக்கத் தர வரையறையில் உச்சவரம்பே பிரினெல் கடின அளவில் 201தான். அதை நசுக்கினால், தேய்த்தால், அந்த இடத்தின் படிக அமைப்பு மாறி மார்டென்சைட் என்ற கடினமான வடிவம் உருவாகிறது. நம்ப முடியாவிட்டால் 304இல் துளை போட்டு வந்த சிப்ஸைக் காந்தத்தின் பக்கம் கொண்டுபோய்ப் பாருங்கள். தகட்டில் ஒட்டாத காந்தம் சிப்ஸை இழுக்கும். அதாவது நாம் சண்டை போடும் கடினத்தை நாமே உண்டாக்குகிறோம்.

எதையும் மாற்றுவதற்கு முன் பிட்டின் முனையைப் பாருங்கள்

மெஷினை நிறுத்தி, பிட்டைத் துடைத்து, வெளிச்சத்தில் ஒரு லென்ஸ் வைத்துப் பாருங்கள். வெளி மூலைகள் கருகி உருண்டிருந்தால் ஸ்பீடு அதிகம். நடு முனை நொறுங்கியிருந்தால் ஃபீடு (பிட் கீழே இறங்கும் வேகம்) அதிகம், அல்லது தொடக்கம் சரியில்லை. வெட்டு விளிம்புக்குப் பின்புறம் பளபளவென்று தேய்ந்திருந்தால் தீட்டிய கோணம் தப்பு. ஒரு விளிம்பு மட்டும் தேய்ந்து மற்றது புதிதாக இருந்தால் இரண்டும் சம நீளத்தில் தீட்டப்படவில்லை, ஒன்றே முழு வேலையையும் செய்திருக்கிறது. இதைப் பார்க்காமலேயே புது பிட் மாட்டினால் அதுவும் அதே மாதிரி போகும். பட்டறைகளில் வீணாகும் பிட்களில் நிறைய இந்த ஒரு நிமிடப் பார்வை இல்லாததால் வீணாகிறது என்பது என் உறுதியான எண்ணம்.

அப்புறம் எண்கள். கோபால்ட் கலந்த எச்.எஸ்.எஸ். (ஹை ஸ்பீடு ஸ்டீல்) பிட்டுக்கு, அதன் வெளி விளிம்பு ஓடும் வேகத்தை நிமிடத்துக்கு மீட்டர் கணக்கில் சொன்னால், நான் தொடங்கும் வேகம் இது: 304, 316 என்றால் 10 முதல் 15. கிரேடு 5 டைட்டானியம் 8 முதல் 10. கடினப்படுத்திய இன்கோனல் 718 என்றால் 3 முதல் 5. ஒப்பிட, மைல்ட் ஸ்டீலில் 25, 30 என்று ஓட்டுவோம்.

ஆர்.பி.எம். வேண்டுமானால் அந்த எண்ணை 318ஆல் பெருக்கி, மி.மீ. கணக்கில் பிட்டின் விட்டத்தால் வகுத்தால் போதும். 304இல் 12 மீட்டர் என்று வைத்தால் 10 மி.மீ. பிட்டுக்குச் சுமார் 380, 6 மி.மீ. பிட்டுக்குச் சுமார் 640, 3 மி.மீ. பிட்டுக்கு 1,270. இன்கோனலில் 4 மீட்டர் என்றால் 10 மி.மீ. பிட் வெறும் 127 ஆர்.பி.எம்மில் சுற்ற வேண்டும். பார்க்கும்போது மெஷின் தூங்குகிற மாதிரி இருக்கும், அதுதான் சரி.

ஃபீடு, 10 மி.மீ. பிட்டுக்கு ஒரு சுற்றுக்கு 0.10 முதல் 0.15 மி.மீ. வரை, 6 மி.மீ. பிட்டுக்கு 0.06 முதல் 0.10 வரை. கையால் இறக்கும் மெஷினில் இதை எப்படி அளப்பது? கடிகாரத்தால். 380 ஆர்.பி.எம்., சுற்றுக்கு 0.12 என்றால் நிமிடத்துக்கு 46 மி.மீ. இறங்க வேண்டும். 10 மி.மீ. தகடும் கூம்பு முனையின் நீளமும் சேர்ந்து 12 மி.மீ. என்று வைத்தால் மொத்த வேலைக்குப் பதினாறு வினாடிதான். உங்களுக்கு ஒரு நிமிடம் ஆகிறதென்றால் பிட் வெட்டவில்லை, தேய்த்துக்கொண்டிருக்கிறது.

கத்துகிறது, இறங்க மறுக்கிறது, துளையின் அடி கண்ணாடி மாதிரி மின்னுகிறது

எஸ்.எஸ்ஸில் எல்லோரும் சந்திக்கும் தொல்லை இதுதான். அந்தப் பளபளப்பு இறுகிப்போன தோல். அது வந்த பிறகு அதே பிட்டால் அழுத்திப் பயனில்லை, ஏனென்றால் தோல் உருவாகும் நேரத்தில் பிட்டின் கூர்மையும் போயிருக்கும்.

எப்படி வந்தது என்று பாருங்கள். பிட்டை லேசாகத் தொட்டு "பிடிக்கிறதா" என்று பார்த்தீர்களா? கூலண்ட் ஊற்றுவதற்காக, மெஷின் சுற்றிக்கொண்டிருக்கும்போதே ஃபீடை நிறுத்தினீர்களா? சிப்ஸ் எடுக்க பிட்டை ஒரு மில்லிமீட்டர் தூக்கி அங்கேயே சுற்றவிட்டீர்களா? இவை எல்லாமே தேய்ப்புதான். கணினி ஓட்டும் சி.என்.சி. மெஷினிலும் இதே விதி: துளையின் அடியில் டுவெல் (இறங்காமல் சுற்றும் நேரம்) கொடுக்கும் ஜி82 கட்டளை இந்த உலோகங்களில் வேண்டாம்.

சரி, வந்தாயிற்று. மீட்பது எப்படி? மறுபக்கம் கிடைக்குமானால் ஜாப்பைத் திருப்பிப் போட்டு அங்கிருந்து வாருங்கள். அதுதான் எளிது. கிடைக்காவிட்டால், ஒரு சிறிய கார்பைடு பர்ரை (அரைக்கும் முனையை) டை கிரைண்டரில் மாட்டி அந்தப் பளபளப்பான தோலைச் சொரசொரப்பாகக் கிழித்துவிடுங்கள். பிறகு புதிதாகத் தீட்டிய கோபால்ட் பிட். முடிந்தால் ஏற்கெனவே போட்டதிலிருந்து வேறு முனைக் கோணத்தில் உள்ளது. 135 டிகிரியில் போட்டிருந்தால் 118 டிகிரி பிட் முழு விளிம்போடும் உட்காராமல் ஓரிடத்தில் முதலில் கடிக்கும், தோலுக்குள் இறங்க அது உதவும். ஸ்பீடைப் பாதியாக்குங்கள், கட்டிங் ஆயிலை முன்பே ஊற்றிவையுங்கள், பிட் தொட்ட நொடியிலிருந்து முழு ஃபீடு கொடுங்கள். தோலுக்கு அடியில் உள்ள உலோகம் இன்னும் மிருதுவாகவே இருக்கிறது. வெட்டு விளிம்பை அங்கே கொண்டுபோய்ச் சேர்ப்பதுதான் நோக்கம்.

304ஐச் சூடாக்கி மெதுவாக ஆறவிட்டு மிருதுவாக்கலாமே என்று சிலர் டார்ச்சை எடுப்பார்கள். வேண்டாம். இதற்கான ஆனீலிங் 1,050 டிகிரி செல்சியஸை ஒட்டிய சூட்டில் செய்து வேகமாகக் குளிர்விப்பது. 450க்கும் 850க்கும் இடையில் வைத்து மெதுவாக ஆறவிட்டால் குரோமியம் கார்பைடாகப் பிரிந்து, அந்த இடத்தில் துருப்பிடிக்காத குணமே போய்விடும்.

வெளி மூலைகள் கருகிவிட்டன

துளை போடும்போது பிட்டின் நடுப்பகுதி கிட்டத்தட்ட நின்ற இடத்தில் சுற்றுகிறது, வெளி மூலைதான் அதிக தூரம் ஓடுகிறது. அதனால் ஸ்பீடு அதிகமானால் முதலில் சாவது அந்த மூலை. எச்.எஸ்.எஸ். சுமார் 600 டிகிரி வரை கடினத்தைத் தக்கவைக்கும். அதற்கு மேல் போனால் மூலை உருண்டு, துளையின் சுவரைத் தேய்த்து, இன்னும் சூடாகி, சில வினாடிகளில் முடிந்துவிடும்.

கை ட்ரில்லில் இது ஏன் அடிக்கடி நடக்கிறது? சாதாரணமாகக் கிடைக்கும் 10 மி.மீ. சக் ட்ரில்கள் முழு அழுத்தத்தில் 2,500 ஆர்.பி.எம்முக்கு மேல் ஓடுகின்றன. 6 மி.மீ. பிட்டுக்கு அது நிமிடத்துக்கு 47 மீட்டர், தேவையைப் போல நான்கு மடங்கு. ட்ரிகரைக் கால்வாசி மட்டும் அழுத்துங்கள், அல்லது இரண்டு கியர் உள்ள ட்ரில்லில் 1ஆம் கியரில் வையுங்கள். பட்டறையின் பெஞ்ச் ட்ரில்லிங் மெஷினில் பெல்ட்டை மிகக் குறைந்த படிக்கு மாற்றினாலும் சிலவற்றில் 400, 500க்குக் கீழே வராது. அப்படிப்பட்ட மெஷினில் 304இல் 12 மி.மீ.க்கு மேல் ட்விஸ்ட் ட்ரில்லால் போடப் பார்க்காதீர்கள். ரேடியல் ட்ரில்லுக்கோ லேத்துக்கோ கொண்டுபோங்கள்.

இன்னொரு காரணம் பைலட் துளை, அதாவது முதலில் போடும் சிறிய துளை. மைல்ட் ஸ்டீலில் 5, 8, 12 என்று படிப்படியாகப் பெரிதாக்கும் பழக்கம் இங்கே எதிராக வேலை செய்யும். ஒவ்வொரு படியும் சுவரில் ஒரு இறுகிய தோலை விட்டுப்போகிறது, அடுத்த பிட்டின் வெளி மூலை மட்டுமே அதைத் தாங்கி வெட்ட வேண்டியிருக்கிறது. பைலட் தேவைப்பட்டால், பெரிய பிட்டின் நடு விளிம்பு நுழையும் அளவுக்கு மட்டும் போடுங்கள். 10 மி.மீ. பிட்டுக்கு 2 அல்லது 2.5 மி.மீ. போதும். 135 டிகிரி ஸ்ப்ளிட் பாயின்ட் பிட் (நடு விளிம்பும் தீட்டியது) என்றால் அதுவும் வேண்டாம், நேராகவே போகலாம்.

பிட் வாங்கும்போது ஒரு எச்சரிக்கை. தங்க நிறத்தில் மின்னுவதெல்லாம் கோபால்ட் இல்லை. அது பெரும்பாலும் சாதாரண எச்.எஸ்.எஸ். மேல் போட்ட டைட்டானியம் நைட்ரைடு பூச்சு, ஒரு முறை தீட்டியதும் முனையில் போய்விடும். கோபால்ட் என்றால் ஷாங்கில் (சக்கில் மாட்டும் தண்டில்) எம்35 (5 சதவீதம்) அல்லது எம்42 (8 சதவீதம்) அல்லது எச்.எஸ்.எஸ்.-கோ என்று பொறித்திருக்கும். எஸ்.எஸ்ஸுக்கு எம்35 போதும். இன்கோனலுக்கு எம்42 அல்லது கார்பைடு.

நடு முனை நொறுங்குகிறது, அல்லது பின்புறம் பளபளக்கிறது

ட்விஸ்ட் ட்ரில்லின் நட்ட நடுவில் இருக்கும் குறுக்கு விளிம்பு வெட்டுவதில்லை. உலோகத்தை நசுக்கிப் பக்கவாட்டில் தள்ளுகிறது. கீழ்நோக்கி நாம் கொடுக்கும் அழுத்தத்தில் பாதிக்கு மேல் அதற்கே போகும். இறுகும் உலோகத்தில் நசுக்கல் என்றால் என்ன நடக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. அதனால்தான் ஸ்ப்ளிட் பாயின்ட்: அந்தக் குறுக்கு விளிம்பையும் தீட்டிச் சிறு வெட்டு விளிம்புகளாக்கிவிடுகிறார்கள். சாதாரண 118 டிகிரி பிட்தான் கையில் இருக்கிறது என்றால் கிரைண்டிங் வீலின் ஓரத்தில் நடுப்பகுதியை மெலிதாக்குவதைக் கற்றுக்கொள்ளுங்கள். இந்த வேலையில் கிடைக்கும் பலன் வேறெதிலும் இல்லை.

சென்டர் பஞ்சையும் சந்தேகப்படுங்கள். 304இல் ஓங்கி மூன்று அடி அடித்தால், பிட் தொட வேண்டிய அந்த ஒரே இடத்தை முன்கூட்டியே இறுக்கி வைத்ததாக ஆகும். லேசாக ஒரே அடி போதும்.

பின்புறம் பளபளப்பதற்குக் காரணம் பின்சரிவு போதவில்லை என்பது. வெட்டு விளிம்புக்குப் பின்னால் உள்ள பரப்பு 8 முதல் 12 டிகிரி சரிந்து போக வேண்டும். இல்லாவிட்டால் எவ்வளவு அழுத்தினாலும் பின்பகுதி ஜாப்பில் முட்டி, விளிம்பை உள்ளே விடாது. தீட்டும்போது எச்.எஸ்.எஸ். பிட் கை தாங்காத அளவு சூடானால் தண்ணீரில் முக்காமல் காற்றில் ஆறவிடுங்கள். திடீர்க் குளிர்ச்சி விளிம்பில் கண்ணுக்குத் தெரியாத விரிசல்களை உண்டாக்கும், அவை பிறகு துளைக்குள் இருக்கும்போது திறந்துகொள்ளும்.

சிப்ஸ் தூளாக வருகிறது, அல்லது நீலமாக வருகிறது, அல்லது பிட்டைச் சுற்றிக் கூடு கட்டுகிறது

தூள் என்றால் தேய்ப்பு. ஃபீடைக் கூட்டுங்கள், பிட் கூர்மையா என்று பாருங்கள். மூன்று அறிகுறிகளில் முதலில் கவனிக்க வேண்டியது இதுதான்.

நிறத்தைப் பற்றி ஒன்று. மைல்ட் ஸ்டீல் சுமார் 300 டிகிரியிலேயே நீலமாகிவிடும். 304இல் குரோமியம் ஆக்சைடு பாதுகாப்பதால் 300க்கு அருகில் மஞ்சள்தான் வரும், நீலம் வர 500க்கு மேல் போக வேண்டும். அதனால் எஸ்.எஸ். சிப்ஸ் நீலமாக வந்தால், மைல்ட் ஸ்டீலில் வரும் நீலத்தைப் போல அதைச் சாதாரணமாக எடுத்துக்கொள்ள முடியாது. வெள்ளி நிறமோ மிக லேசான மஞ்சளோ இருக்கும்வரை கவலை இல்லை.

நீளமான சுருள் கூடு கட்டினால் ஃபீடைக் கொஞ்சம் கூட்டிப் பாருங்கள். தடித்த சிப்ஸ் தானாக உடையும். கையால் இறக்கும் மெஷினில், ஒரு கணம் ஃபீடை விட்டுச் சுருளை உடைக்கும் பழக்கம் மைல்ட் ஸ்டீலுக்குச் சரி, இங்கே அந்த ஒரு கணம்தான் தோலை உருவாக்கும். சுருளைக் கையுறை போட்ட கையால் இழுக்கவே கூடாது. சுற்றும் பிட்டின் அருகே கையுறையே கூடாது. மெஷினை நிறுத்திக் கொக்கியால் எடுங்கள். எஸ்.எஸ். சுருள் விரலை எலும்புவரை அறுக்கும்.

பாதி ஆழத்தில் முறிகிறது

விட்டத்தைப் போல மூன்று மடங்கு ஆழம் தாண்டியதும் சிப்ஸ் பள்ளங்களில் அடைத்துக்கொள்ளத் தொடங்கும், கட்டிங் ஆயிலும் முனைக்குப் போய்ச் சேராது. முறியும் முன் சத்தம் தணிந்து கனமாகும், ஸ்பிண்டில் இழுக்கும். அந்த நொடியில் முழுவதுமாக வெளியே எடுங்கள். பெக் (விட்டுவிட்டு வெளியே எடுத்துத் துளை போடுவது) செய்வதென்றால் பாதி தூக்கி இறக்குவதில் பயனில்லை: வேகமாக முழுவதும் வெளியே, சிப்ஸ் துடைத்து, ஆயில் போட்டு, வேகமாக உள்ளே, தொட்டதும் முழு ஃபீடு. சி.என்.சி.யில் ஜி83. உள்வழி கூலண்ட் உள்ள கார்பைடு ட்ரில் இருந்தால் பெக்கே வேண்டாம்.

திரவம்: எஸ்.எஸ்ஸுக்கு, கந்தகம் கலந்த நீட் (தண்ணீர் கலக்காத) கட்டிங் ஆயில் மெதுவான வேலைக்கு மிகச் சிறந்தது. தண்ணீரில் கலக்கும் சால்யுபிள் ஆயில் என்றால் 8 முதல் 10 சதவீதம் வையுங்கள். தொட்டியில் தண்ணீர் மட்டும் அவ்வப்போது ஊற்றி ஊற்றி 3 சதவீதத்துக்கு வந்திருக்கும் கூலண்ட்டை நிறைய இடங்களில் பார்க்கிறேன். கூலண்ட்டின் சதவீதத்தை அளக்கும் ஒரு ரிஃப்ராக்டோமீட்டர் வாங்கி வைப்பது, ஒரு பெட்டி பிட் வாங்குவதைவிட நல்ல முதலீடு. மண்ணெண்ணெய் வேண்டாம், எஸ்.எஸ். வேலையின் சூட்டுக்கு அது தீப்பிடிக்கும் ஆபத்து. அவசரத்துக்கு எதுவும் இல்லாத இடத்தில் தேங்காய் எண்ணெய்கூட வறட்டு வேலையைவிட எவ்வளவோ மேல்.

அடிப்பக்கம் வெளியே வரும் நேரத்தில் முறிகிறது, ஜாப் சுற்றுகிறது

முனை அடியில் எட்டிப்பார்த்ததும் எதிர்ப்பு சட்டென்று குறைகிறது. கை அழுத்தம் அப்படியே இருக்க, பிட் ஒரே சுற்றில் நிறைய உலோகத்தைக் கடித்துக்கொள்கிறது. கடைசி ஒரு மில்லிமீட்டரில் ஃபீடைத் தளர்த்துங்கள், ஆனால் நிறுத்தாதீர்கள். ஜாப்புக்கு அடியில் ஒரு மைல்ட் ஸ்டீல் தகடோ கடின மரமோ வைத்துக் கிளாம்ப் செய்தால் இந்தக் கோளாறோடு அடிப்பிசிறும் பெரும்பாலும் போய்விடும்.

மெல்லிய தகட்டை, முக்கியமாக சமையலறைத் தொட்டித் தகடு மாதிரி 1 மி.மீ. எஸ்.எஸ்ஸை, கையால் பிடித்துக்கொண்டு துளை போடவே கூடாது. பிட் கடித்த நொடியில் தகடு வெட்டும் இறக்கையாகிவிடும். மெல்லிய தகட்டுக்கு ஸ்டெப் ட்ரில்தான் சரியான கருவி, ஸ்பீடு மிகக் குறைவாக.

இதே இடத்தில் இன்னொன்றும் சொல்ல வேண்டும். பெரிய துளைக்கு மேக் ட்ரில்லும் (காந்தத்தால் ஒட்டி நிற்கும் ட்ரில்) ஆன்யுலர் கட்டரும் (வளைய வடிவ வெட்டி) நல்ல வழி, வளையத்தை மட்டும் வெட்டுவதால் சூடும் குறைவு. ஆனால் 304, 316 தகட்டில் மேக் ட்ரில்லின் காந்தம் ஒட்டாது. அடியில் தடித்த மைல்ட் ஸ்டீல் தகடு வைத்தால் ஒட்டுவது மாதிரி தோன்றினாலும், நடுவில் இருக்கும் எஸ்.எஸ். தடிமன் பிடியைக் குறைத்துவிடும். மெஷினைத் தனியாக கிளாம்ப் செய்து, பாதுகாப்புச் சங்கிலியும் போட்ட பிறகே சுவிட்சைத் தொடுங்கள்.

துளை அளவு தப்பாக வருகிறது

பெரிதாக வந்தால் விளிம்புகள் சமமில்லை, அல்லது சக் ஆடுகிறது. சிறிதாக, பிட்டையே இறுக்கிப் பிடிக்கும் அளவில் வந்தால் அது பெரும்பாலும் டைட்டானியம். அதன் மீள் தன்மை ஸ்டீலைப் போல இரண்டு மடங்குக்கு அருகில் இருப்பதால், வெட்டும்போது விலகிக்கொடுத்துப் பிறகு உள்ளே திரும்பி வந்து பிட்டின் பக்கங்களைப் பிடிக்கிறது. நல்ல பின்வாட்டம் உள்ள (முனையிலிருந்து பின்னால் போகப் போகச் சற்று மெலியும்), கூர்மை சற்றும் குறையாத பிட் வேண்டும்.

துளை நன்றாக வந்தது, டேப் முறிகிறது

குற்றவாளி டேப் (துளைக்குள் இழை வெட்டும் கருவி) இல்லை, துளை. மழுங்கிய பிட்டால் போட்ட துளையின் சுவர் இறுகியிருக்கும், டேப் அந்தத் தோலில்தான் இழை வெட்டியாக வேண்டும். அதனால் டேப் போடப்போகும் துளைக்குப் புதிதாகத் தீட்டிய பிட்டை ஒதுக்குங்கள்.

அளவையும் கொஞ்சம் தளர்த்துங்கள். எம்8 டேப்புக்கு அட்டவணை 6.8 மி.மீ. என்று சொல்லும், அதில் இழை உயரம் 74 சதவீதம் வரும். 6.9 போட்டால் 68, 7.0 போட்டால் 62 சதவீதம். நட்டின் முழு நீளமும் இழை இருக்கும் சாதாரண வேலைக்கு 6.9 தாராளம், டேப்பின் மேல் விழும் சுமை நன்றாகக் குறையும். வரைபடத்தில் இழை அளவுக்குத் தனி வரம்பு கொடுத்திருந்தால் மட்டும் கேட்காமல் மாற்றாதீர்கள்.

நேற்றுவரை ஓடியது, இன்று அதே செட்டிங்கில் ஓடவில்லை

பொருளைச் சந்தேகப்படுங்கள். நம் ஊரில் கேட், கைப்பிடி வேலைக்கு வரும் எஸ்.எஸ்ஸில் 202 மாதிரியான 200 வரிசை நிறைய. நிக்கலைக் குறைத்து மாங்கனீஸைக் கூட்டிச் செய்தவை. பார்வைக்கு 304க்கும் அதற்கும் வித்தியாசம் தெரியாது, இறுகுவது மட்டும் இன்னும் வேகம். மாங்கனீஸைக் காட்டும் சோதனைத் திரவம் உலோகக் கடைகளில் கிடைக்கிறது, ஒரு துளியில் தெரிந்துவிடும். 200 வரிசை என்றால் ஸ்பீடை மூன்றில் ஒரு பங்கு குறைத்து, ஃபீடை அப்படியே வைத்துப் பாருங்கள்.

மறுபக்கம், நிறையத் துளைகள் உள்ள ஜாப், வெல்டிங் இல்லை, கடல் காற்றும் இல்லை என்றால் வாடிக்கையாளரிடம் 303 பற்றிப் பேசிப் பாருங்கள். சிப்ஸ் உடைவதற்காகவே கந்தகம் சேர்த்த கிரேடு அது.

துளையைச் சுற்றி வண்ண வளையம், சில வாரத்தில் துரு

வளையம் சூட்டால் வந்த ஆக்சைடு. அதற்கு அடியில் குரோமியம் குறைந்திருப்பதால் அங்கேதான் முதலில் துரு வரும். பிக்ளிங் பேஸ்ட் போட்டோ நைலான் வீலால் தேய்த்தோ எடுங்கள், பேஸ்ட்டில் ஹைட்ரோஃப்ளூரிக் அமிலம் உண்டு என்பதால் கையுறை, கண்ணாடி இல்லாமல் டப்பாவைத் திறக்காதீர்கள். வளையமே இல்லாமல் துரு வந்தால், அதே மேஜையில் மைல்ட் ஸ்டீல் வேலை செய்த தூள் ஒட்டியிருக்கிறது. எஸ்.எஸ்ஸுக்குத் தனி பிரஷ், தனி வைஸ் தாடை வைப்பதைத் தவிர வேறு வழி இல்லை.

டைட்டானியத்தில் புகை, பொறி

உடனே நிறுத்துங்கள். டைட்டானியத்தின் மெல்லிய சிப்ஸும் தூளும் தீப்பிடிக்கக்கூடியவை. மழுங்கிய பிட், அதிக ஸ்பீடு, குறைந்த ஃபீடு மூன்றும் சேர்ந்தால் சூடான மெல்லிய தூள் குவிகிறது. சிப்ஸ் எரிந்தால் தண்ணீர் ஊற்றக்கூடாது, எரியும் டைட்டானியம் தண்ணீரிலிருந்து ஹைட்ரஜனைப் பிரித்து இன்னும் மோசமாக்கும். சாதாரண கார்பன் டை ஆக்சைடு அணைப்பானும் பயன்படாது. உலோகத் தீக்கான டி வகை அணைப்பான், அல்லது நன்றாக உலர்ந்த மணல். அதை மெஷினுக்குப் பக்கத்தில் வைத்த பிறகே வேலையைத் தொடங்குங்கள், ஒவ்வொரு ஜாப் முடிந்ததும் சிப்ஸை மூடியுள்ள உலோக டப்பாவுக்கு மாற்றுங்கள்.

விமான பாகங்களுக்கான டைட்டானியத்தில் குளோரின் கலந்த கட்டிங் ஆயிலைத் தவிர்ப்பார்கள். மிச்சமிருக்கும் குளோரைடு பிற்பாடு சூட்டிலும் சுமையிலும் விரிசலுக்கு வழி செய்யும். அதே மாதிரி, அதிகச் சூட்டில் ஓடப்போகும் இன்கோனல் பாகத்தில் கந்தக ஆயிலைப் பயன்படுத்தினால் ஒரு துளி விடாமல் கழுவிவிட வேண்டும்.

டெம்பர் செய்த ஸ்டீல்: ரம்பத் தகடு, பட்டை ஸ்ப்ரிங்

இங்கே கதை வேறு. உலோகம் ஏற்கெனவே கடினம், சூடு பட்டால் அந்தக் கடினம் போய்விடும். சாதாரண கார்பன் ஸ்டீலில் துளையைச் சுற்றி நீலம் தெரிந்தால் அந்த வளையம் 300 டிகிரியைத் தொட்டுவிட்டது, இளகியிருக்கலாம் என்று பொருள். ஸ்ப்ரிங் அந்த இடத்தில் முன்பு போல வேலை செய்யாமல் போகலாம். ராக்வெல் சி கடின அளவில் 45க்கு மேல் எச்.எஸ்.எஸ். வீண். திட கார்பைடு ட்ரில், அசையாத மெஷின், நல்ல கிளாம்ப் வேண்டும். கார்பைடு வளைவைத் தாங்காது, கை ட்ரில்லில் மாட்டினால் முதல் ஆட்டத்திலேயே உடையும்.

உடைந்த பிட் துளைக்குள் சிக்கிவிட்டது

எச்.எஸ்.எஸ். பிட்டின் மேல் இன்னொரு எச்.எஸ்.எஸ். பிட்டை ஓட்டாதீர்கள், இரண்டும் போகும். துளை மறுபக்கம் திறந்திருந்தால் அங்கிருந்து ஒரு ஊசிப் பஞ்சால் தட்டுங்கள். பள்ளத்தில் அடைத்த சிப்ஸை மெல்லிய கம்பியால் கிண்டி எடுத்து, ஊடுருவும் எண்ணெய் விட்டு, பிட் சுற்றும் திசைக்கு எதிராக மூக்குக் குறடால் திருப்பிப் பாருங்கள். வராவிட்டால் ஸ்பார்க் எரோஷன் மெஷின் உள்ள கடைக்குக் கொண்டுபோங்கள். அது நடுப்பகுதியை மட்டும் எரித்து எடுத்துவிடும், இரண்டு பக்கத் துண்டுகளும் தானாகத் தளர்ந்து வரும், துளையின் சுவருக்குச் சேதமில்லை. விலை உயர்ந்த ஜாப் என்றால் சுத்தியலை எடுப்பதற்கு முன்பே அங்கே போய்விடுங்கள்.